வளையல்வாலும் என் சொல்லாராய்ச்சியும்

1959ஆம் ஆண்டு மார்ச் மாதம் இருபத்தோராம் திகதி, சனிக்கிழமை, பிற்பகல் நான்கரை மணிக்கு என் அத்தை, தேயிலைத் தோட்டத்து மேலாளரான துரையின் பங்களாவிலிருந்து ஓடிவந்து எங்கள் வீட்டு வாசலில் மூச்சிரைக்க நின்றார். நேரத்தை இவ்வளவு உறுதியாகச் சொல்லக் காரணம், அப்போது நான் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன் என்பதே. பல்கலைக்கழக விடுமுறையில் வந்திருந்த நான், தினமும் நான்கரை மணிக்கு இலக்கணம் படிக்கத் தொடங்குவதென்று ஒரு நேர அட்டவணை வகுத்திருந்தேன். விடுமுறை தொடங்கியதிலிருந்து அதை ஒருநாளும் கடைப்பிடித்ததில்லை. அன்று கடைப்பிடிப்பதாக இருந்தேன்.

"புள்ள, வளையல்வாலு ஓடிப்போச்சு," என்றார் அத்தை.

அப்பாவின் மூத்த சகோதரியான அவர், முழங்கால் விட்டுப்போகும்வரை கொழுந்து பறித்தவர். அதன் பின் பங்களாவில் ஆயா வேலை கிடைத்தது. சமையலறைக்குப் பின்னால் ஓர் அறையும் கிடைத்தது. கதவும் தாழ்ப்பாளும் உள்ள அந்த அறைதான் அவர் வாழ்வில் தனக்கென்று பெற்ற முதல் அறை. ஒரு வாரத்துக்கு முன், துரையின் மனைவியான துரைசானியின் தம்பி, கப்பல் அதிகாரி, மடகஸ்கார் தீவிலிருந்து ஒரு பிராணியைக் கொண்டுவந்து அக்காவுக்குப் பரிசளித்திருந்தார். பூனையளவு உடல், நரிமுகம், மஞ்சட் கண்கள், கறுப்பும் வெள்ளையுமாக வளையல் அடுக்கினாற்போல நீண்ட வால். லெமூர் என்பது அதன் இனப்பெயர். சமையலறையில் அதற்கு வளையல்வாலு என்று பெயரிட்டார்கள்.

துரையும் துரைசானியும் கொழும்புக்குப் போயிருந்தார்கள். இரவு ரயிலில் நானுஓயா வந்து, மறுநாள் காலை பத்து மணிக்குள் பங்களாவுக்குத் திரும்புவார்கள். அதற்குள் பழம் கொடுக்கும்போது அத்தை சங்கிலியின் கொக்கியைச் சற்றுக் கழற்ற, அது தாவி ஓடி, தோட்ட எல்லையில் நின்ற தைல மரத்தில் ஏறிவிட்டது.

"அது இல்லேன்னா நீயும் இல்லேன்னு துரை சிரிச்சுக்கிட்டே சொல்லிட்டுப் போனாரு. அவரு சிரிச்சாத்தான் எனக்கு பயம்," என்றார் அத்தை. பிறகு குரலைத் தாழ்த்தி, "தம்பி வூட்டுல வந்து ஒரு மூலையில மூட்டை மாதிரி கெடக்க என்னால முடியாது புள்ள," என்றார்.

அந்த மூலை எது என்பது எனக்குத் தெரியும். அப்பாவுக்குக் கிடைத்த ஆசிரியர் விடுதியின் இரண்டு அறைகளில் நாங்கள் ஆறு பேர் இருந்தோம். காலியாக இருந்தது ஒரே மூலைதான். அதில் என் புத்தகங்கள் இருந்தன.

என்னைத் தேடி அவர் வந்ததற்கு ஒரு காரணம் இருந்தது. மடகஸ்கார் விலங்குகளைப் பற்றிய ஆங்கிலப் புத்தகமொன்றைத் துரைசானி இரண்டு நாட்களுக்கு முன் அத்தையின் கையில் எனக்குக் கொடுத்தனுப்பியிருந்தார்.

"அந்த பொஸ்தகத்துல இத புடிக்கிறதுக்கு என்ன போட்டிருக்கு?"

நான் அதை முழுதாகப் படித்திருந்தேன். ஆசிரியரின் வாக்கிய ஓட்டத்தில் மயங்கி, சில பத்திகளை வாய்விட்டும் படித்திருந்தேன். பிடிப்பதைப் பற்றி என்ன எழுதியிருந்தது என்பது மட்டும் நினைவில் இல்லை. ஆயினும், "வாருங்கள், பார்த்துக்கொள்ளலாம்," என்று ஒரு மருத்துவரின் நிதானத்தோடு சொன்னேன்.

மரத்தடியில், கொழுந்தை எடைபோட்டுவிட்டு வீடு திரும்பும் வழியில், கூடையோடு இருபது பேராவது நின்றார்கள். நடுவில் கங்காணி. கிளையின் அடியில் யாரோ ஒரு வாழைப்பழத்தை நீட்டிக்கொண்டிருக்க, வளையல்வால் தலைகீழாக அடிமரத்தைப் பற்றியபடி மெல்ல இறங்கிக்கொண்டிருந்தது. இதை இங்கே தெளிவாகப் பதிந்துவிட வேண்டும்: அது இறங்கிக்கொண்டிருந்தது. இன்னும் ஓர் ஆள் உயரம்தான் மிச்சம்.

"நிறுத்துங்கள்!" என்றேன்.

என் வாழ்நாளில் பொது இடத்தில் நான் குரல் உயர்த்திய முதல் தருணம் அது. வளையல்வால் விருட்டென்று உச்சிக் கிளைக்குப் போய்விட்டது.

"ஏன் பாப்பா? வந்துக்கிட்டுத்தானே இருந்திச்சு," என்றார் கங்காணி.

அந்தக் கேள்விக்கு விடையளிக்கும் முகமாக நான் ஆற்றிய உரையை இப்போது நினைத்தாலும் காது சூடாகிறது. லெமூர் என்பது இலத்தீன் சொல் என்றேன். இறந்தோரின் ஆவி, இரவில் உலவும் பேய் என்பது அதன் பொருள். ஆகவே இந்த இனத்துக்கு அப்பெயரை இட்ட அறிஞர், இவை இருளில் இயங்குபவை என்பதை அறிந்தே இட்டிருக்க வேண்டும். நம் காட்டுத் தேவாங்கு இவற்றுக்கு உறவு. அதுவும் இரவில்தான் நடமாடுகிறது. எனவே, பகலில் இதன் கண் தெளியாது; அச்சத்தில் இருக்கிறது; இப்போது தொந்தரவு செய்யாமல் விட்டால் இருட்டியதும் விழித்துப் பசியோடு தானாகவே இறங்கிவரும். பெயர், அதிலிருந்து பொருள், பொருளிலிருந்து இயல்பு என்று ஒரு படியும் தவறாமல் ஏறிப்போனேன். விரிவுரையாளர் கேட்டிருந்தால் மகிழ்ந்திருப்பார்.

"ரேடியோ மாதிரியே பேசுதே," என்றாள் கூடை இறக்காமல் நின்ற ஒருத்தி.

"தேவாங்குக்குச் சொந்தமாம்," என்றாள் அவளுக்குப் பக்கத்தில் நின்றவள். "அப்ப வாத்தியார் மகளுக்கும் ஒரு வகையில சொந்தந்தான். கண்ணாடியப் பாரேன்."

மெலிந்த உடலும் வட்டக் கண்ணாடியும் கொண்ட என்னைப் பள்ளிக்கூட நாளிலிருந்தே தொழிலாளர் குடியிருப்பான லயத்தில் தேவாங்கு என்றுதான் அழைத்தார்கள். அதைக் கேட்காதது போல் இருப்பதில் எனக்கு நல்ல பயிற்சி உண்டு. எனவே மேலும் விளக்கலானேன். மடகஸ்காரில் மட்டுமே வாழும் இவ்வினத்தில் வகைகள் பல. உள்ளங்கையில் அடங்கும் எலியளவினது ஒன்று. வாலில் கொழுப்பைச் சேமித்து வறட்சி மாதங்களை உறங்கியே கழிப்பது இன்னொன்று.

"வாலுல கொழுப்பா?" என்றார் கங்காணி. "நம்ம கணக்கப்பிள்ளைக்கு வாய்ல."

சிரிப்பு அடங்கக் காத்திருந்தேன். நிலத்தில் பக்கவாட்டில் துள்ளித் துள்ளி நடனமாடுவதுபோல் ஓடுவது ஒன்று. வாலே இல்லாமல், விடியலில் குடும்பமாகக் கூடி ஒப்பாரிபோல் நெடுங்குரலெடுப்பது ஒன்று. கம்பிபோல் மெலிந்த நடுவிரலால் மரப்பட்டையைத் தட்டி ஒலியைக் கேட்டு, உள்ளிருக்கும் புழுவை அதே விரலால் தோண்டியெடுப்பது மற்றொன்று; அதன் பெயர் ஐ-ஐ.

"அய்யய்யோவா?"

"ஐ-ஐ."

"நாங்களும் அதத்தானே சொல்றோம்."

"சரி பாப்பா," என்றார் கங்காணி பொறுமையாக. "இது ஆணா, பொண்ணா? பேரு சொல்லிக் கூப்புட்டுப் பாப்போம்."

ஆண்குரங்கைக் கடுவன் என்றும் பெண்குரங்கை மந்தி என்றும் பழந்தமிழ் வேறுபடுத்தும் என்றும், இது குரங்கே அன்று ஆதலால் அவ்விரண்டும் பொருந்தா என்றும் சொன்னேன். உண்மையில், நிமிர்ந்து ஒரு கணம் பார்த்திருந்தால் விடை தெரிந்திருக்கும். இருபது பேர் நடுவில் நான் நிமிரவில்லை.

என் சொல்லைக் கேட்டு எல்லாரும் கலைந்தார்கள். அதுதான் எனக்கு இன்றும் வியப்பு. பல்கலைக்கழகத்துக்குப் போனவள் சொன்னால் சரியாக இருக்கும் என்று பழத்தையும் எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். அத்தை மட்டும், "அது ராவுல என்னா பண்ணும்னு எனக்கும் தெரியாது புள்ள. துரைசானி ரூமுலதான் படுக்கும். நீ சொன்னா சரிதான்," என்றார். அவருடைய நம்பிக்கை என் நெஞ்சில் ஏறி உட்கார்ந்துகொண்டது.

ஏழு மணிக்கு, குளிர் இறங்கியபின், இரண்டு லாந்தரும் ஒரு சீப்பு வாழைப்பழமுமாகத் திரும்பினோம். கங்காணியும் கம்பளியைப் போர்த்திக்கொண்டு வந்தார். லாந்தரை உயர்த்தினோம். உச்சிக் கவட்டில், வாலைத் தன்னைச் சுற்றிப் போர்த்தியபடி, ஒரு பந்துபோல வளையல்வால் இருந்தது. அசைவில்லை. பழத்தைக் காட்டினோம். அத்தை கொஞ்சினார். கங்காணி சீழ்க்கை அடித்தார். ஒரு கண்ணைப் பாதி திறந்து எங்களைப் பார்த்துவிட்டு அது மூடிக்கொண்டது.

"பாப்பா," என்றார் கங்காணி மிக மரியாதையாக, "ராவெல்லாம் சுத்துற பேயி நல்லாத் தூங்குதுங்களே."

வழவழவென்ற அந்த மரத்தில், இருட்டில், எவரும் ஏற முடியாது. அத்தை பழச்சீப்பை முந்தானையில் சுற்றிக்கொண்டு பங்களாப் பக்கம் நடந்தார். அறையைக் காலி செய்வதற்கு முதலில் எதைக் கட்டுவது என்று எண்ணியபடி நடப்பவரின் நடை அது. அவர் திட்டியிருந்தால் எனக்குச் சற்று இலகுவாக இருந்திருக்கும்.

வீட்டுக்கு வந்து புத்தகத்தை மீண்டும் எடுத்தேன். வளையல்வாலின் வண்ணப்படம் முழுப் பக்கத்துக்கு இருந்தது. அதன் கீழே சிறிய எழுத்தில் மூன்று வரிகள். படத்தின் கீழுள்ள வரிகளை நான் உரைநடையாகக் கருதுவதில்லை, ஆகவே படித்திருக்கவில்லை. இவ்வகை பகலில் இயங்குவது, இரவில் உறங்குவது, மற்ற வகைகளைவிட அதிகமாக நிலத்தில் நடமாடுவது என்றது முதல் வரி. கூட்டமாக வாழ்வது, குளிரில் ஒன்றையொன்று ஒட்டி அமர்வது என்றது இரண்டாவது. காலையில் சூரியனை நோக்கி நிமிர்ந்து உட்கார்ந்து, கைகளை விரித்து வயிற்றில் வெயில் காயும் என்றது மூன்றாவது.

என் சொற்பிறப்பு விளக்கத்தில் பிழை இல்லை என்பதையும் நேர்மைக்காகச் சொல்ல வேண்டும். அந்தப் பேய்ப்பெயர் ஆதியில் சூட்டப்பட்ட பிராணிகளுள் நம் தேவாங்கும் ஒன்று என்று சில ஆண்டுகளின் பின் ஒரு நூலகத்தில் படித்தேன். ஆக, நான் சொன்னதெல்லாம் உண்மை. வேறொரு பிராணியைப் பற்றி.

ஞாயிற்றுக்கிழமை காலை, இருள் பிரியும் முன்பே அத்தையின் அறைக்குப் போனேன். சாமான்கள் இரண்டு மூட்டையாகக் கட்டப்பட்டிருந்தன. புத்தகத்தின் மூன்று வரிகளையும் தமிழாக்கிச் சொன்னேன். இம்முறை விளக்கவுரை சேர்க்கவில்லை. "வெயில் எங்க மொதல்ல விழும்?" என்று மட்டும் கேட்டார் அத்தை, பதிலையும் அவரே சொன்னார். பங்களாவின் முன்புறப் புல்தரையில்தான். அதற்கு நேர் கீழே தோட்டப் பாதை. பாதைக்கு அப்பால் மலையூற்று நீர் கொட்டும் குளியல் பீலி. ஞாயிற்றுக்கிழமையாதலால் வேலைக்கு ஆள் கூட்டும் பெரட்டு இல்லை. தோட்டம் முழுவதும் பீலிக்கு வரும்.

மலைமுகட்டில் சூரியன் எட்டிப்பார்த்த சற்று நேரத்தில் வளையல்வால் மரத்திலிருந்து இறங்கி, வாலைக் கேள்விக்குறிபோல் தூக்கிக்கொண்டு புல்தரைக்கு நடந்து வந்தது. நடுவில் உட்கார்ந்தது. முதுகை நிமிர்த்தி, இரண்டு கைகளையும் முழங்காலுக்கு மேல் விரித்து, கண்ணை மூடிக்கொண்டது. அத்தை ஓரடி வைத்தார், அது எழுந்தது. அவர் நின்றார், அது உட்கார்ந்தது. நிற்பவரை அது நம்பவில்லை.

ஆகவே நான் உட்கார்ந்தேன். ஈரப் புல்லில், அதற்குப் பத்தடி தள்ளி, சூரியனைப் பார்த்து, சேலையோடு சப்பணமிட்டு, இரண்டு கைகளையும் விரித்து.

"யாரது, வாத்தியார் மகளா?" என்று கீழே பாதையில் ஒரு குரல்.

"என்னாச்சு அதுக்கு?"

"படிப்பு ஜாஸ்தியாப் போச்சு போல."

"சும்மா இருங்கடி, சாமி கும்புடுது."

கைகளை மடக்கவில்லை. கண்ணை மூடிக்கொள்வது மட்டுமே எனக்கு மிஞ்சியிருந்த நாகரிகம். எவ்வளவு நேரம் என்று தெரியாது. கடிகாரம் வீட்டில் இருந்தது. பிறகு புல்லில் மெல்லிய காலடி. என் மடியில் ஒரு பாரம். மார்பில் குளிர்ந்த ஒரு முதுகு. வளையல்வால் என்மேல் சாய்ந்து, மீண்டும் கைகளை விரித்துக்கொண்டது. முந்தானைக்குள் மறைத்துவைத்திருந்த சங்கிலியோடு அத்தை உட்கார்ந்தபடியே நகர்ந்து வந்தார். முழங்கால் வலி முகத்தில் தெரிந்தது. கழுத்துப்பட்டியில் கொக்கி விழுந்த ஓசையை நான் கேட்டேன். அது கேட்டதாகத் தெரியவில்லை.

பத்து மணிக்குச் சற்று முன் கார் வந்தது. மூட்டைகளை நானும் அத்தையும் அதற்குள் அவிழ்த்து, சாமான்களை இருந்த இடத்தில் வைத்துவிட்டிருந்தோம். வளையல்வாலைக் குழந்தை என்றே சொல்லும் துரைசானி, முன்வாசலில் தன் உடைந்த தமிழில், "ஆயா, குழந்தை சுகமா?" என்று கேட்பது சமையலறைவரை கேட்டது.

"சொகமா இருந்திச்சுங்க துரைசானி," என்றார் அத்தை. "வாத்தியார் மகதான் தொணைக்கு வந்து, கூடக் குந்திக் கொஞ்ச நேரம் வெயில் காஞ்சிட்டுப் போச்சு."

நான் போயிருக்கவில்லை. சமையலறையின் பின்சுவரோடு ஒட்டி நின்று, சேலையில் ஒட்டியிருந்த புல்விதைகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கிக்கொண்டிருந்தேன்.