அரைப்பேர்

ஐயா, அம்மா,

இப்பக்கங்களை வாசிக்க முன்வந்த தங்களுக்கு முதற்கண் என் வணக்கம். நான் அப்புத்தளைக்கும் பூனாகலைக்கும் இடையிலுள்ள ஒரு தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, அதே தோட்டத்தில் முப்பத்தெட்டு ஆண்டுகள் கவ்வாத்துக் கத்தி பிடித்துத் தேயிலைச் செடிகளை வெட்டிச் சீர்செய்து, அங்கேயே ஓய்வு பெற்றவன். பள்ளிக்கூடம் ஐந்தாம் வகுப்போடு முடிந்தது. அதற்கு மேற்பட்ட எழுத்தெல்லாம் நானாகத் தேடிக்கொண்டது. ஆகையால் நடையில் பிழை இருக்கலாம். செய்தியில் பிழை இராது.

என் மனைவி கடைசியாகக் கொழுந்து பறித்த நாளைப் பற்றி எழுத விரும்புகிறேன். அந்நாளை விளங்கிக்கொள்வதற்குத் தாங்கள் எங்கள் சொல் ஒன்றை அறிந்திருத்தல் வேண்டும். அச்சொல் 'பேர்' என்பதாகும்.

எங்கள் தோட்டங்களில் ஒரு முழு நாள் உழைப்பை 'ஒரு பேர்' என்போம். காலையில் ஆள் எண்ணும் பெரட்டுக்களத்தில் வரிசையாக நின்று, மலைக்குப் போய், குறித்த நிறைக்குக் கொழுந்து பறித்துக் கொடுத்தால், செக்ரோல் என்னும் பதிவேட்டில் பேர் விழும். நிறை குறைந்தால் அரைப்பேர். 'இந்த மாசம் எத்தன பேரு?' என்று இரண்டு பெண்கள் குழாயடியில் கேட்டுக்கொண்டால் அவர்கள் மனிதரை எண்ணவில்லை, நாட்களை எண்ணுகிறார்கள். காய்ச்சலில் கிடப்பவளைப் பார்க்க வருகிறவர்கள்கூட 'பேரு போச்சே' என்றுதான் முதலில் இரங்குவார்கள். இச்சொல்லில் விசித்திரம் ஏதும் இருப்பதாக அறுபத்திரண்டு வயதுவரை எனக்குத் தோன்றியதில்லை.

என் மனைவிக்குச் சீனி வருத்தம், அதாவது நீரிழிவு நோய், உண்டு. மாதத்தில் ஒரு நாள் பதுளை ஆஸ்பத்திரியின் கிளினிக்குக்கு அழைத்துச் செல்வேன். அவள் எண் எழுதிய துண்டை எடுத்துக்கொண்டு வாங்குப் பலகையில் உட்கார்ந்த பின், எனக்குச் செய்வதற்கு ஒன்றுமில்லை. அந்நேரத்தில் பட்டணத்து நூலகத்துக்கு நடந்து போவேன். அங்கே மேலட்டையும் முதற் பக்கங்களும் இல்லாத தடித்த புத்தகம் ஒன்று அகப்பட்டது. கடல் கடந்த தீவுகளில் கரும்புத் தோட்டங்கள் உண்டான வரலாறு அது. நான் பட்டணத்தில் வசிப்பவன் அல்லன் என்பதால் இரவல் கொடுக்கவில்லை. எனவே ஒரு கொப்பி வாங்கி, மாதத்துக்கு நான்கைந்து பக்கங்களாகப் பார்த்தெழுதினேன்.

அந்தப் புத்தகத்தில் எனக்கு ஒரு சொந்த அக்கறையும் இருந்தது. என் பாட்டனின் தகப்பனும் அவருடைய தமையனும் திருச்சிப் பக்கத்து ஊரொன்றிலிருந்து பஞ்சத்தில் ஒன்றாகப் புறப்பட்டவர்கள். வழியில் ஆள் சேர்ப்பவர்கள் இருவர் வந்தார்களாம். ஒருவர் பின்னால் தம்பி தேயிலைக்கு வந்தார். மற்றவர் பின்னால் அண்ணன் கரும்புக்குப் போனார். மாலையில் மறுபடி சந்திக்கப் போகிறவர்களைப் போலப் பிரிந்தார்களாம். அண்ணனின் பெயரை அந்தப் புத்தகத்தில் தேடினேன். தீவில் இறங்கிய நம்மவர்களுக்கு எண் கொடுத்தார்கள் என்று எழுதியிருந்தது, பெயர்கள் எழுதப்படவில்லை.

அடுத்தடுத்த நாட்களில், அவள் வேலை முடிந்து திரும்பும் பொழுதில், எழுதியதை வாசித்துக் காட்டுவேன். லயம் என்னும் வரிசை வீடுகளில் எங்கள் வாசலில் அவள் தேத்தண்ணிக் கோப்பையுடன் அமர்வாள். சீனியைத் தேத்தண்ணியில் கரைக்காமல் உள்ளங்கையில் வைத்து, நாக்கால் தொட்டுக்கொண்டு குடிப்பது எங்கள் வழக்கம். வைத்தியர் விலக்கிய பிறகும் அவள் உள்ளங்கையில் நான்கு மணி சீனியாவது இருக்கும்.

"எனக்கு ஒடம்பு பூரா சீனி. நீங்க என்னடான்னா அத புத்தகத்துல தேடிட்டு வாறீங்க" என்பாள்.

ஆனாலும் கவனமாகக் கேட்பாள். ஆப்பிரிக்காவிலிருந்து மனிதர்களைக் கப்பலின் அடித்தட்டில் அடுக்கிக் கொண்டுபோய், ஆடுமாடுகளைப் போல் விலை பேசிக் கரும்பு வெட்ட வைத்த கதையை வாசித்தபோது, கையிலிருந்த சீனியைத் தின்னாமல் வெகுநேரம் வைத்திருந்தாள். பிறகு விடுதலைச் சட்டம் வந்ததையும், வந்த பின்னும் அவர்கள் வேலை பழகுகிறவர்கள் என்ற புதுப் பெயரில் அதே எசமானிடம் சில ஆண்டுகள் உழைக்க வேண்டியிருந்ததையும் வாசித்தேன்.

"பழகுறதுக்கா? அப்ப அத்தன வருசமா கரும்பு வெட்டத் தெரியாமத்தான் வெட்டுனாங்களாக்கும்!"

தவணை முடிந்ததும் பலர் கரும்பின் முகத்தில் விழிக்க விருப்பமின்றி வெளியேறினார்கள். அவர்கள் விட்டுச் சென்ற அதே வரிசைக் குடிசைகளில்தான் நம்மவர்களைக் கொண்டுவந்து குடியமர்த்தினார்கள். இதை வாசித்த பொழுது நாங்கள் இருவரும் எங்களையறியாமல் லயத்தின் நீளத்தைத் திரும்பிப் பார்த்தோம். ஒன்றை மட்டும் இங்கே நேர்மையாகச் சொல்லியாக வேண்டும். எங்கள் முன்னோர் விற்கப்பட்டவர்கள் அல்லர். பசியாலும் பொய்யாலும் அழைத்து வரப்பட்டவர்கள். விற்கப்பட்டவர்கள் பட்டதையும் நாங்கள் பட்டதையும் ஒன்றென்று சொல்வது, அவர்களுக்குச் செய்யும் அவமரியாதை.

இனி, நான் ஒரு சொல்லில் செய்த தவறுக்கு வருகிறேன்.

அடிமைகளாயிருந்தவர்களுக்கு எசமான் இட்ட ஒற்றைப் பெயர்தான் இருந்தது என்றும், தகப்பன் வழிப் பெயரோ குலப் பெயரோ ஏட்டில் கிடையாது என்றும், விடுதலைக்குப் பின் பலர் தங்களுக்கு இரண்டாம் பெயர் ஒன்றைத் தாங்களே தெரிந்தெடுத்தார்கள் என்றும் ஒரு பக்கத்தில் இருந்தது. இதை அவளுக்கு விளங்கும்படி சுருக்கி, "புள்ள, அந்தச் சனங்களுக்கு அவ்வளவு காலமும் அரைப்பேர்தான் இருந்திச்சு" என்றேன்.

அவள் கோப்பையைக் கீழே வைத்துவிட்டாள்.

"அம்புட்டுப் பாடுபட்டும் அரைப்பேரா? ஏன், அங்கயும் கிலோ பத்தலன்னு கழிச்சுட்டாங்களா?"

எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தும்விட்டேன். "அந்தப் பேரு இல்ல புள்ள, கூப்புடுற பேரு" என்று விளக்கினேன். அவள் சிரிக்கவில்லை. சற்று யோசித்துவிட்டு, "அப்ப எனக்கும் அதேதானே" என்றாள்.

அப்பொழுதுதான் எனக்கு உறைத்தது. அவளுடைய பெயர் இரண்டு சொற்களாலானது. முதற்சொல் ஓர் அம்மனின் பெயர். இரண்டாவது அவள் தகப்பனைப் பெற்றவளின் பெயர். பதினெட்டு வயதில் அவளைச் செக்ரோலில் பதிந்த நாளில், ஆபீசில் இருந்த கிளாக்கர் கட்டத்துக்குள் இடம் போதவில்லை என்று முதற்சொல்லோடு நிறுத்திவிட்டார். அடையாள அட்டை, கிளினிக் கொப்பி எல்லாம் அந்தப் பாதியைப் பார்த்தே எழுதப்பட்டன. முழுப் பெயரையும் சொல்லி அழைத்தவர்கள் அவளுடைய தாய் தகப்பன் மட்டுமே, இருவரும் காலமாகிவிட்டார்கள். நானோ எங்கள் வழக்கப்படி அவளைப் பெயர் சொல்லி அழைத்தவன் அல்லன். 'புள்ள' என்பேன்; பிள்ளைகள் பிறந்த பின் 'இந்தாம்மா' என்றும் சொல்வேன். அவளும் என் பெயரை ஒருநாளும் உச்சரித்ததில்லை.

"அது கெடக்கட்டும், கூப்புடுற பேரு எப்பிடியோ போகட்டும்" என்றாள். "ஆடி முடிய எனக்கு வேல முடியுது. கடைசி நாளாவது முழுப்பேரா விழணும். அரைப்பேரோட எறங்கிப் போனா மனசு ஆறாது."

அவள் என்னிடம் வாய்விட்டுக் கேட்டவை மிகவும் குறைவு. இதுவும் என்னிடம் கேட்டதன்று. ஆயினும் அன்றிலிருந்து அது என் நெஞ்சில் இருந்தது.

எங்கள் ஊவா மலைப்பகுதியில் ஆடி மாதம் கச்சான் காற்றின் காலம். மழை இராது. காற்று மலையைச் சீவிக்கொண்டு போகும். அந்தக் காலத்துத் தேயிலைக்கு வெளிநாட்டில் தனி மதிப்பு என்பார்கள்; ஆனால் செடியில் கொழுந்து இருக்காது. பறிக்கிறவளுக்கு அது பஞ்ச காலம். அவளுடைய கடைசி நாள் அத்தகைய காற்றில்தான் வந்தது.

காலையில், செடி கீறாமல் இருக்க இடுப்பில் சுற்றும் படங்குச் சாக்கை அவள் கட்டும்போது முடிச்சு இரண்டு முறை அவிழ்ந்தது. நான் முடிச்சைப் போட்டுக் கொடுத்தேன். "இதுக்குத்தான் இத்தன வருசம் காத்திருந்தீங்களா?" என்றாள். மாலையில் நிறுவை நேரத்துக்கு நானும் மடுவத்துக்குப் போய் நின்றேன். கொழுந்து நிறுக்கும் அந்தக் கொட்டகையில் ஓய்வு பெற்ற ஆணுக்கு வேலையில்லை. பெண்கள் விடுவார்களா?

"என்ன மாமா, அக்காவ தூக்கிட்டுப் போகவா வந்தீங்க?"

"பல்லக்கு எங்க மாமா?"

என் மனைவியின் கொழுந்துச் சாக்கு தராசில் ஏறியது. காலையில் நிறுத்தது, பகலில் நிறுத்தது, இதுவுமாக மூன்றும் சேர்த்துக் குறித்த நிறைக்கு இரண்டு கிலோ குறைந்தது. அதிலும் ஈரத்துக்கென்று ஒரு கழிவு.

"ஐயா, இந்தக் காத்துல கல்லே காஞ்சு போகுது. கொழுந்துல ஈரம் எங்க இருக்கு? எங்க கண்ணுலதான் இருக்கு!" என்று ஒருத்தி கணக்கப்பிள்ளையைக் கேட்டாள். கணக்கப்பிள்ளை நாற்பது வயதுக்காரர், பொல்லாதவர் அல்லர். வழமை வழமைதான் என்பதுபோல் தலையை ஆட்டினார்.

பக்கத்து நிரையில் பறிப்பவள், தன் சாக்கிலிருந்து இரண்டு கையும் நிறையக் கொழுந்தை அள்ளிக்கொண்டு வந்தாள். என் மனைவி அவளுடைய கையைப் பிடித்துத் தடுத்தாள்.

"வேணாம்டி. ஒன் பேர ஒடச்சு என் பேருல ஒட்டவா? எனக்கு எரவல் பேரு வேணாம்."

"அக்கா, இன்னைக்கு மட்டுந்தானே…"

"இன்னைக்குங்கிறதாலதான் வேணாங்கிறேன்."

கணக்கப்பிள்ளை பேனையைப் பிடித்தபடி தயங்கினார். "நான் முழுசா போட்டுருவேன் அக்கா. ஆனா நிறுத்த கணக்கு மேல ஆபீசுக்குப் போகுது. நாளைக்கு என்னையத்தான் கேப்பாங்க" என்று மெதுவாகச் சொன்னார். "போடுங்க ஐயா. உள்ளத போடுங்க" என்றாள் அவள். அவர் எழுதினார். எழுதியதை எல்லாருக்கும் கேட்க வாசிப்பது அங்கே முறை. அவளுடைய பெயரின் முதற்சொல்லை வாசித்து, "அரைப்பேர்" என்றார்.

அவள் வெறுஞ்சாக்கை மடிக்கத் தொடங்கினாள். தலையை நிமிர்த்தவில்லை. நான்காக மடித்து, பிரித்து, மறுபடியும் மடித்தாள்.

நான் இரண்டடி முன்னால் போனதை மட்டும் அறிவேன்.

"ஐயா, அது முழுப்பேரு இல்ல."

"மாமா, நீங்களே பாத்தீங்கதானே. கிலோ பத்தல."

"நான் கிலோவச் சொல்லல. பேரச் சொல்றேன்."

சொல்லிவிட்டு அவளுடைய பெயரை, அம்மனின் பெயரையும் பாட்டியின் பெயரையும் சேர்த்து, இரண்டு சொல்லாக, மடுவத்தின் கடைசியில் நின்றவர்களுக்கும் கேட்கும்படி உச்சரித்தேன். முப்பத்தேழு ஆண்டு இல்வாழ்க்கையில் அதுவே முதல் முறை. என் வாய்க்கு அது பழக்கமில்லாததால், சபையில் பேசுகிறவனைப் போல் உரக்க வந்துவிட்டது.

பெண்கள் போட்ட கூச்சலில் கொட்டகையின் தகரம் அதிர்ந்தது.

"அடியாத்தி! மாமா பொண்டாட்டி பேர சொல்லிப்புட்டாரு!"

"இன்னொருக்கா சொல்லுங்க மாமா, காத்துல கேக்கல!"

என் மனைவி மடித்த சாக்கால் முகத்தை மூடிக்கொண்டாள். தோள்கள் குலுங்கின. சிரிக்கிறாளா அழுகிறாளா என்று எனக்குத் தெரியவில்லை. பின்னர் கேட்டபோது இரண்டும்தான் என்றாள். கணக்கப்பிள்ளை எழுந்து நின்று, "மாமா, அந்த ரெண்டாவது சொல்லுக்கு எந்த 'ல' வரும்?" என்று கேட்டார். சொன்னேன். கட்டத்துக்கு வெளியே, ஏட்டின் ஓரத்தில் இருந்த வெற்றிடத்தில், அவர் மீதிப் பாதியையும் எழுதினார்.

"நல்ல கூத்து!" என்றாள் பக்கத்து நிரைக்காரி. "பேரு முழுசா விழுந்த நாளெல்லாம் இவ பேரு பாதி. அரைப்பேரு விழுந்த அன்னைக்கு இவ பேரு முழுசு!"

திரும்பி வரும்போது காற்று எதிர்முகமாக அடித்தது. அவள் எனக்கு முன்னால் நடந்தாள். லயம் தெரியும் வளைவில் நின்று, "இந்தா பாருங்க, இனிமே அப்பிடிக் கூப்புட்டுப் பழகிறாதீங்க. எனக்கு வெக்கமா இருக்கும்" என்றாள். சிறிது தூரம் போய், திரும்பாமலே சொன்னாள்: "வருசத்துக்கு ஒருக்கான்னா பரவால்ல."

அன்று தேத்தண்ணிக்கு அவள் சீனி வைத்துக்கொள்ளவில்லை.

செக்ரோல் ஏடுகள் முடிந்ததும் ஒரு அறையில் அடுக்கப்படும். பின் கறையான் தின்னும், அல்லது எரிக்கப்படும். ஓரத்தில் எழுதிய அந்தச் சொல்லும் அவற்றோடு போய்விடும் என்ற எண்ணத்தால்தான் இதை எழுதத் துணிந்தேன். எழுதப் போகிறேன் என்றபோது அவள் ஒரே நிபந்தனை விதித்தாள்.

"எம் பேர காயிதத்துல போடாதீங்க. போட்டா எவனாவது எடம் பத்தலன்னு பாதியா வெட்டுவான்."

ஆகையால் அவளுடைய பெயரை இங்கு எழுதவில்லை. அது என் வாயில் இருக்கிறது; கேட்டு வருகிறவருக்கு முழுதாகச் சொல்வேன். பெயரில்லாமல் கரும்புக்குப் போன என் முன்னோரும், ஒற்றைப் பெயரோடு அதற்கு முன்னர் அங்கே உழைத்து மாண்டவர்களும், இந்தப் பெயரில்லாப் பக்கங்களில் அவளுக்குத் துணையாக இருக்கட்டும்.

இந்தப் பக்கங்களின் படி ஒன்றைப் பதுளை நூலகத்தில் அந்த மேலட்டை இல்லாத புத்தகத்துக்குள் வைத்திருக்கிறேன். தங்கள் கையில் கிடைத்தால், தயவுசெய்து எறிந்துவிடாமல் வைத்திருங்கள்.