கோர்ட் போட்ட ரோடு

மேஸ்திரி மூன்றாம் வகுப்பைத் தாண்டாதவர். ஆனால் அவர் தூக்குக்குண்டு பிடித்து எழுப்பிய சுவர் ஒன்றுகூட இன்றுவரை தலை சாய்ந்ததில்லை. சும்மா பெருமைக்குச் சொல்லவில்லை, வேண்டுமானால் போய்ப் பார்த்துக்கொள்ளலாம். சித்தாளாகச் செங்கல் சுமந்து, கொத்தனாராகி, மேஸ்திரியாகி, யாரிடமும் கைநீட்டாமல் சொந்த வீடு கட்டினார். தெருவிலேயே உயரமான வீடு. வாசலில் நிற்பவரைத் தெருவில் போகிறவர்கள் அண்ணாந்துதான் பார்க்க வேண்டும். அதற்காகவே சாயங்காலமானால் வாசலில் வந்து நிற்பார்.

அந்த உயரத்தை ரோடு தின்றது. பழைய ரோட்டைச் சுரண்டாமல் அதன் தலையிலேயே புது ரோடு, அதன் தலையில் இன்னொன்று. படிகள் ஒவ்வொன்றாகப் புதைந்து, கடைசியில் வாசலே ரோட்டுக்குக் கீழே போய்விட்டது. மழை வந்தால் சாக்கடையும் கூடவே உள்ளே வரும். பக்கவாதம் வந்து ஒரு பக்கம் விழுந்துபோன அவர் மனைவி, சுவரைப் பிடித்துக்கொண்டு தானே குளியலறைக்குப் போய்வரப் பழகியிருந்தாள். சகதியில் வழுக்கி விழுந்த பிறகு அந்தத் தைரியமும் போனது.

“அம்மாவைக் கூட்டிக்கிட்டு இங்க வந்துடுங்கப்பா” என்று மகள் போனில் அழுதாள்.

“நான் கட்டின வீட்டை விட்டு உங்கம்மா ஏன் கிளம்பணும்? ரோடுதான் கிளம்பணும்.”

நகராட்சிக்கு நடையாய் நடந்தார். “பார்க்கிறோம்” என்றார்கள். எட்டிக்கூடப் பார்க்கவில்லை. ரோட்டைச் சுரண்டி இறக்கச் சொல்லி, வக்கீலைப் பிடித்துக் கோர்ட்டுக்குப் போனார். மழைக்காலத்துக்குள் ரோட்டைச் சரிசெய்ய வேண்டும் என்று நகராட்சிக்கு உத்தரவு வந்தது. மேஸ்திரிக்குத் தலைகால் புரியவில்லை.

“ஒரு கொத்தனார் ஆபீசர்ங்களைக் கோர்ட்டுல நிக்க வெச்சிட்டான் பார்த்தியா! இனிமே நீ ராணி மாதிரி நடக்கலாம்டி.”

“முதல்ல வேலை நடக்கட்டும். அப்புறம் நான் நடக்கறேன்” என்றாள் அவள்.

வேலையும் நடந்தது. ரோடு போட ஆள் வந்த அன்று மேஸ்திரி முகம் மழித்து, வெள்ளைச் சட்டை போட்டு வாசலில் நின்றார். ஜல்லி வந்தது, தார் வந்தது, ரோலர் வந்தது. அவர் கண் வேறொன்றைத் தேடியது.

“சார், சுரண்டற மெஷின் எங்க?”

“எதுக்குய்யா?” என்றார் நகராட்சி என்ஜினீயர். “ரோட்டைச் சரிசெய்னு கோர்ட் சொல்லியிருக்கு, செய்யறோம். சுரண்டுன்னு ஒரு வார்த்தை இருக்கா அதுல?”

“நான் கேட்டதே அதுதானே சார்!”

“நீங்க கேட்டீங்க. அவங்க எழுதலையே. இப்ப நீங்க தடுத்தா, கோர்ட்டை அவமதிச்சது நீங்கதான்.”

மேஸ்திரி ஒதுங்கி நின்றார். ரோலர் அவர் வாசலை உரசிக்கொண்டு போனது. எதிர்வீட்டுக்காரர் ஓடி வந்து கையைப் பிடித்துக் குலுக்கினார். “மேஸ்திரி இல்லேன்னா நமக்கு இப்படி ஒரு ரோடு கிடைச்சிருக்குமா!” மேஸ்திரி சிரிக்கப் பார்த்தார், வரவில்லை.

வக்கீல் மறுவாரம்தான் போனில் கிடைத்தார். “உத்தரவை நிறைவேத்திட்டோம்னு சொல்லி கேஸை முடிச்சிட்டாங்க ஐயா. இனிமே முதல்ல இருந்துதான் ஆரம்பிக்கணும்.”

“மழை காத்துக்கிட்டு இருக்குமா?”



முதல் மழைக்கே தண்ணீர் கட்டிலைத் தொட்டது. மேஸ்திரி பின்பக்கம் கிடந்த செங்கல்லை எடுத்துவந்து, மனைவி படுத்திருக்கும்போதே கட்டில் கால்களுக்கு அடுக்கடுக்காய் அண்டை கொடுத்தார். வேலையென்றால் வேலை. ரசமட்டம் வைத்து மட்டம் சரியா என்றுகூடப் பார்த்தார்.

“ஆடுதா?”

“ஆடல.”

“நான் வெச்ச கல்லு எப்படி ஆடும்?”

அவள் மெல்லத் திரும்பி, நல்ல காலைக் கீழே தொங்கவிட்டாள். பாதம் தரையைத் தேடித் தேடிப் பார்த்தது, எட்டவில்லை.

“ஏங்க, நான் எப்படி இறங்குறது?”

எத்தனையோ வீடுகளுக்குப் படி கட்டியவர். முழங்கால் தண்ணீரில் ரசமட்டத்தைப் பிடித்தபடி நின்றார். பிறகு, அவள் பக்கம் முகத்தைத் திருப்பாமலே சொன்னார்:

“மகளுக்குப் போன் பண்ணு.”