சூடம் அணைக்காதவள்

எங்கள் வீட்டில் தினமும் பொழுது சாய்கிற நேரத்தில் ஒரு தோடு காணாமல் போகும். உண்மையில் அது காணாமல் போனது ஒரே ஒரு தரம்தான், அதற்கும் பதின்மூன்று வருஷத்துக்கு முன்னால். ஆனால் என் நாத்தனாருக்கு ஞாபகம் தப்ப ஆரம்பித்த பிறகு அது தினமும் புதுசாகத் தொலைந்தது. நானும் தினமும் புதுசாகத் திருடியானேன்.

இதை நான் யாரையும் எழுதச் சொல்லவில்லை. மூன்றாவது வரைக்கும் படித்தவள்; எழுத்துக் கூட்டி, அடித்து, மறுபடி எழுதி, நானேதான் எழுதுகிறேன். வேறொருத்தர் கையில் கொடுத்தால் நான் சொல்லாததும் அதில் சேர்ந்துவிடும். நான் சொல்லாததையெல்லாம் ஊர் ஏற்கெனவே சொல்லி முடித்துவிட்டது.

முதலில் அந்தப் பழைய கதையைச் சொல்லிவிடுகிறேன். பெரம்பலூரிலிருந்து அரியலூர் போகிற ரோட்டில் இறங்கி ஒரு மைல் உள்ளே நடந்தால் எங்கள் ஊர். பருத்தியும் சின்ன வெங்காயமும்தான் வெள்ளாமை. என் வீட்டுக்காரருக்குக் கூடப் பிறந்தது ஒரே அக்கா. அவர் புருஷனை இழந்து, பிள்ளையும் இல்லாமல், எழுபதுகளின் ஆரம்பத்தில் தம்பி வீட்டுக்கே வந்துவிட்டார். எங்களுக்கும் பிள்ளை கிடையாது. நாத்தனார் தன் காதிலிருந்து கழற்றிய வெள்ளைக்கல் தோடு ஒரு ஜோடியைத் துணியில் முடிந்து பெட்டியில் வைத்திருந்தார். ஒரு நாள் முடிச்சை அவிழ்த்தால் ஒன்றுதான் இருந்தது.

நாத்தனார் தெருவில் போய் நின்றுகொண்டார். "இந்த வூட்டுல இருக்குறது மூணு பேரு. நான் எடுக்கல. என் தம்பி தோடு போடமாட்டான். மிச்சம் யாருன்னு நீங்களே சொல்லுங்க."

"திருடுறவ ஒத்தைத் தோட்டையா அண்ணி எடுப்பா?" என்று நான் கேட்டேன்.

"ஜோடியா எடுத்தா உடனே தெரிஞ்சு போயிரும்னு எடுத்திருப்ப. நீதான் கெட்டிக்காரியாச்சே."

கோயிலில் சூடம் ஏற்றி, அதை நான் கையால் அணைத்துச் சத்தியம் பண்ணிவிட்டால் விஷயம் முடிந்தது என்று பெரியவர்கள் சொன்னார்கள். நான் போகவில்லை. செய்யாத காரியத்துக்கு நான் எதற்கு நெருப்பில் கை வைக்க வேண்டும்? செய்தவள் வந்து அணைக்கட்டும் என்று சொல்லிவிட்டேன். அதுவே போதுமானதாகிவிட்டது. போகாததால் அவள்தான் எடுத்தாள் என்று ஊர் முடிவு கட்டிவிட்டது. ஒரு கல்யாண வீட்டில் நான் உள்ளே நுழைந்ததும் ஒருத்தி தன் மகளின் நகைப் பெட்டியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அன்றிலிருந்து நான் யார் வீட்டு வாசற்படியையும் தாண்டாமலே இருந்தேன். வெளியிலேயே நின்று பேசுவேன், வந்துவிடுவேன். எதிர்வீட்டுக்காரியிடம் மோர் கேட்டால்கூட அவள் கொண்டுவந்து வாசலில் ஊற்ற வேண்டும்.

நாத்தனார் ஒரு நாள் வாய் திறந்து "அவ எடுக்கல" என்று சொல்லுவார் என்று காத்திருந்தேன். அதற்காகத்தான் அவரை வைத்துச் சோறு போட்டேன் என்றும் வைத்துக்கொள்ளலாம்.

எண்பதுகளின் நடுவில் அவருக்கு அறுபத்தைந்துக்கு மேல் இருக்கும். ஒரு காலையில் நாலு பாத்தி விதைவெங்காயம் ஊன்றினோம். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு நான் திரும்பிப் போனால், நாலு பாத்தியையும் பிடுங்கி மடியில் கட்டிக்கொண்டு வரப்பில் நிற்கிறார்.

"என்ன அண்ணி இது?"

"அறுப்பு முடிஞ்சுது. இந்த வருஷம் வெளைச்சல் பத்தல."

நான் சிரித்தேன். என் வீட்டுக்காரர் சிரிக்கவில்லை. அதற்குப் பிறகு ஒவ்வொன்றாகப் போயிற்று. குளித்தோமா என்பது போனது, சாப்பிட்டோமா என்பது போனது, புருஷன் செத்துப்போனது போனது. தோடு மட்டும் போகவில்லை. மீதியிருந்த ஒற்றைத் தோட்டைச் சுருக்குப்பையில் போட்டு இடுப்பில் செருகியிருப்பார். பகலெல்லாம் பருத்தி மூட்டையில் தலை சாய்த்துத் தூங்குவார். விளக்கேற்றுகிற நேரத்தில் எழுந்து பையைப் பிரிப்பார். "அய்யய்யோ, ஒண்ணத்தான காணம்." அதிலிருந்து விடியும்வரை தூக்கம் கிடையாது, தேடுவார். கதவைத் திறந்துகொண்டு போய்விடக்கூடாது என்று அவர் முந்தானையை என் முந்தானையோடு முடிந்துகொண்டு படுப்பேன். அவர் எழுந்தால் நானும் எழ வேண்டும்.

பெரம்பலூரில் ஒரு டாக்டரம்மாவிடம் கூட்டிப்போனோம். "வயசானா சில பேருக்கு இப்படி வரும்மா. முழுசா சரியாவாது," என்றார். "பகல்ல தூங்க விடாதீங்க. கையில வேலை குடுங்க. இருட்டுறதுக்கு முன்னாடியே லைட்டப் போட்டுருங்க. குழம்பிப் பேசுனா சண்டைக்குப் போகாதீங்க." மாத்திரை எழுதிவிட்டு என்னைப் பார்த்தார். "நீங்களும் தூங்குங்கம்மா. இல்லாட்டி அடுத்து உங்களத்தான் கூட்டிட்டு வருவாங்க." அன்றைக்கு அதை விளையாட்டுப் பேச்சு என்று எடுத்துக்கொண்டேன்.

வேலை கொடுத்துப் பார்த்தேன். பருத்தியில் சருகு பொறுக்கச் சொன்னால் கையில் பஞ்சோடு தூங்கிப்போவார்.

ஒரு சாயங்காலம் அவர் என்னைத் தன் அம்மா என்று நினைத்துவிட்டார். என் கையைப் பிடித்துப் பக்கத்தில் இழுத்து உட்காரவைத்து, காதோடு சொன்னார்.

"ஆத்தா, அந்தத் தோட்ட நாந்தான் ஒளிச்சு வெச்சேன். தம்பி பொண்டாட்டிகிட்ட சொல்லிராத."

"ஏன் ஒளிச்ச?" என்றேன், அவர் அம்மா மாதிரியே.

"அவ வந்ததுலேருந்து தம்பி எங்கிட்ட நின்னு பேசுறதே இல்ல. ஆத்தா அடிக்காத."

"எங்க ஒளிச்ச?"

"குதிருக்குள்ள."

நான் தெருவுக்கு ஓடி எதிர்வீட்டுக்காரியைக் கூப்பிட்டேன். அவள் அரைத்த மாவுக் கையோடு வந்தாள். வீட்டுக்காரரும் அந்த நேரம் வயலிலிருந்து வந்தார். "அண்ணி, இப்ப எங்கிட்ட சொன்னீங்கல்ல, அத இவங்ககிட்ட சொல்லுங்க," என்றேன்.

நாத்தனார் எங்கள் மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு விரலை என் பக்கம் நீட்டினார். "என் தோட்ட இவதான் எடுத்தா."

எதிர்வீட்டுக்காரி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். "வுடுங்கக்கா. அதுக்கு என்ன தெரியும் பாவம்."

"இல்ல, இப்பத்தான் சொன்னாங்க, தானே ஒளிச்சேன்னு."

"நேத்து என்னைய அப்பான்னு கூப்புட்டுச்சு," என்றார் வீட்டுக்காரர், கால் கழுவிக்கொண்டே. "அதுக்காவ நான் எங்கப்பனாயிருவனா?"

மறுநாள் குதிரிலிருந்த சோளம் முழுவதையும் அள்ளி வெளியே கொட்டினேன். அடிவரைக்கும் கையை விட்டுத் துழாவினேன். ஒன்றுமில்லை. திரும்பக் கேட்டதற்கு "கெணத்துல போட்டேன்" என்றார். இன்னொரு நாள் காக்காய் தூக்கிப்போனது என்றார். இன்னொரு நாள் அப்படி ஒரு பேச்சே பேசாமல், இவள்தான் எடுத்தாள் என்று அழுதார்.

எனக்குக் குழப்பம் வந்தது அங்கேதான். குதிருக்குள் ஒளித்தேன் என்று சொன்னது நிஜம் என்றால், என்னைத் திருடி என்று சொல்வதும் நிஜமாக இருக்க வேண்டும். இரண்டும் ஒரே வாய். எனக்குப் பிடித்ததை மட்டும் பொறுக்கிக்கொண்டு மற்றதைச் சருகு என்று ஊதிவிட முடியுமா? பதின்மூன்று வருஷம் எந்த வார்த்தைக்குக் காத்திருந்தேனோ அதை என் காதில் சொல்லிவிட்டார். கேட்ட பிறகும் கேட்காத மாதிரிதான் இருந்தது.

தூக்கமில்லாமல் எத்தனை மாதம் போயிற்று என்று எனக்குத் தெரியவில்லை. உலையில் அரிசி போட்டுவிட்டு, திரும்ப வந்து இன்னொரு படி போட்டேன். குடம் இல்லாமல் தண்ணீர் எடுக்கப் போய் நின்றேன். வீட்டுக்காரர் ஏதோ சொன்னால் வாய் அசைவது தெரியும், வார்த்தை பிறகுதான் வந்து சேரும். தினமும் அந்தத் தோட்டைப் பற்றிக் கேட்டுக் கேட்டு, ஒரு நாள் அது என் கண்ணில் தெரிய ஆரம்பித்தது. என் உள்ளங்கையில் கிடக்கிறது. வெள்ளைக்கல். குளிர்ந்த கனம். பின்னால் திருகாணி சரியாகப் பிடிக்காமல் ஆடுகிறது. இந்த ஆடும் திருகாணியைப் பற்றி நாத்தனார் ஒரு நாளும் சொன்னதில்லை. சொல்லாதது எனக்கு எப்படித் தெரிந்தது?

எடுத்திருப்பேனோ?

அடுப்பு மெழுகும்போது அந்த நினைப்பு வந்தது. சாணிக் கையோடு அப்படியே உட்கார்ந்துவிட்டேன். ஊரே சேர்ந்து சொன்னபோது வராத சந்தேகம் எனக்கு என் வீட்டுக்குள், பட்டப்பகலில் வந்தது. எடுத்துவிட்டு மறந்திருந்தால்? பக்கத்தில் ஒருத்தர் புருஷன் செத்ததையே மறந்திருக்கிறார். மறப்பது என்ன பெரிய காரியமா?

கையைக் கழுவிவிட்டு என் தகரப்பெட்டியை இழுத்துத் திறந்தேன். கல்யாணப் புடவையை உதறினேன். ஜாக்கெட்டுகளின் தையலை விரலால் நெருடினேன். பெட்டிக்கு அடியில் விரித்திருந்த பேப்பரைக் கிழித்துப் பார்த்தேன். சூடம் அணைக்கமாட்டேன் என்று நிமிர்ந்து நின்றவள், என் பெட்டியை நானே சோதனை போட்டேன்.

மூட்டையில் தூங்கிக்கொண்டிருந்த நாத்தனார் சத்தம் கேட்டு எழுந்து வந்தார். பெட்டிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து அவரும் துணிகளை உதற ஆரம்பித்தார்.

"என்ன புள்ள தேடுற?"

"உங்க தோட்டத்தான் அண்ணி."

"காணமா? யாரு எடுத்தா?"

"நான் எடுத்தனோன்னு பாக்குறேன்."

உதறுவதை நிறுத்தி என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "நீயா? சேச்சே. நீ எடுத்திருக்கமாட்ட."

"எப்புடிச் சொல்றீங்க?"

"எடுத்தவ இப்புடியா தேடுவா? எங்க வெச்சோம்னு அவளுக்குத் தெரியும்ல."

"மறந்து போயிருந்தா?"

"அதெல்லாம் மறக்குமா? நான் எதையாச்சும் மறந்திருக்கனா, சொல்லு பாப்போம்."

எனக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்க ஆரம்பித்தது எங்கேயோ போய் அழுகையாக மாறிவிட்டது. அவர் பயப்படவில்லை. கல்யாணப் புடவையால் என் முகத்தைத் துடைத்தார்.

"கண்ணு ஏன் இப்புடிச் செவந்து கெடக்கு? உன் வூட்டுல உன்னத் தூங்க வுடமாட்டாங்களா?"

"வுடுறதில்லைங்க அண்ணி."

"மாமியா கொடுமையா?"

"நாத்தனா."

"அவ கெடக்குறா. நீ இங்கயே படு. நான் பாத்துக்குறேன்."

இறைந்து கிடந்த துணிமேலேயே படுத்துவிட்டேன். முதுகில் தட்டிக்கொண்டே இருந்தார். நீ யாரு, எந்த ஊரு என்று இடையில் கேட்டார். நான் பதில் சொன்னேனா, தெரியாது. கண் விழித்தபோது வீடு இருட்டிக்கொண்டு வந்தது. வீட்டுக்காரர் லைட்டைப் போட்டுவிட்டு, ஒன்றும் கேட்காமல் அவரே அடுப்பைப் பற்றவைத்துக்கொண்டிருந்தார். பெட்டி திறந்தபடி இருந்தது. நாத்தனார் என் காலடியில் உட்கார்ந்து சுருக்குப்பையைப் பிரித்தார்.

"அய்யய்யோ, ஒண்ணத்தான காணம். இவதான் எடுத்தா."

"வாங்க அண்ணி, தேடுவோம்," என்றேன். விளக்கை எடுத்துக்கொண்டு இரண்டு பேரும் வீடு முழுக்கத் தேடினோம். அன்றைக்கு எனக்குக் கோபம் வரவில்லை. ஏன் வரவில்லை என்று இன்றைக்கும் விளங்கவில்லை. மத்தியானம் சொன்னதை நம்பினேனா, சாயங்காலம் சொன்னதை நம்பவில்லையா, தெரியாது. தூங்கியிருந்தேன், அவ்வளவுதான். தேடி முடித்ததும் மோர் வாங்கி வரலாம் என்று எதிர்வீட்டுக்குப் போனேன். குரல் கொடுத்தேன், பதிலில்லை. அடுப்படியில் ஆள் நடமாட்டம் தெரிந்தது. படியைத் தாண்டி உள்ளே போனேன். அவள் திரும்பிப் பார்த்துவிட்டுக் கொஞ்சம் தடுமாறினாள். பிறகு, "உக்காருங்கக்கா," என்று பலகையை நகர்த்திப் போட்டாள்.

அடுத்த வருஷம் தை மாதத்தில், ஒரு பகல் தூக்கத்திலேயே நாத்தனார் போய்விட்டார். குளிப்பாட்டுவதற்கு முன் இடுப்பிலிருந்த சுருக்குப்பையை அவிழ்த்தார்கள். ஒற்றைத் தோடு இருந்தது. கூடியிருந்த பெண்கள் அத்தனை பேரும் என்னைப் பார்த்தார்கள். வீட்டுக்காரர் அதை வாங்கி என்னிடம் நீட்டினார். நான் கையை நீட்டி, எல்லாரும் பார்க்க, உள்ளங்கையில் வாங்கினேன். நான் நினைத்து வைத்திருந்ததைவிட லேசாக இருந்தது. திருகாணியைத் தொட்டுப் பார்த்தேன். ஆடியது. இதுவும் ஆடியது. அதற்கு என்ன அர்த்தம் என்று அப்போதும் யோசித்தேன், இப்போதும் யோசிக்கிறேன்.

எதிர்வீட்டுக்காரி பக்கத்தில் வந்து குனிந்து கேட்டாள். "அந்த இன்னொண்ணு கடைசி வரைக்கும் கெடைக்கலியாக்கா?"

"இல்ல," என்றேன். "நாங்க ரெண்டு பேரும் தேடிக்கிட்டுத்தான் இருந்தோம்."