ஊர் திரும்பிய ஆங்கிலேயர்

பிரெஞ்சுத் தலைநகரில் ஈழத் தமிழர் கடைகள் நிறைந்த லா ஷப்பல் பகுதியில் ஒரு தேநீர்க் கடை. கால் கடுக்க நடந்துவந்து உட்காருகிறேன். கடைக்காரர் மன்னார்க்காரர். எங்கே போய்விட்டு வருகிறேன் என்று கேட்கிறார். கண்ணிழந்த பிறகும் ஸ்வரம் ஸ்வரமாகச் சொல்லி எழுதவைத்த ஓர் ஆங்கிலேய இசையமைப்பாளர் இறந்த கிராமத்துக்கு என்கிறேன்.

"அவரை அங்கையோ தாட்டவை?"

"முதல்ல அங்கதான் புதைச்சாங்க. ஒரு வருஷம் கழிச்சுத் தோண்டி எடுத்து இங்கிலாந்துக்குக் கொண்டுபோனாங்க. அவரோட ஆசை அது."

தேநீர் ஆற்றும் கை நிற்கிறது. சமையலறைப் பக்கம் திரும்புகிறார். "கேட்டியே? தாட்ட ஆளையும் எடுக்கலாமாம். என்னை மன்னாரிலை வையுங்கோ எண்டு அப்பா எவ்வளவு கேட்டவர்! நாங்கள் இஞ்சையெல்லோ தாட்டுப்போட்டம்."

உள்ளே வெங்காயம் வதங்குகிறது. வதக்கியபடியே அவர் மனைவி கேட்கிறார்.

"கொண்டுபோய்? அங்கை ஆர் இருக்கினம், ஒரு மெழுகுதிரி கொளுத்த?"