ரொட்டியில் பதிந்த நாலு பல்

ஆறிப்போன ரொட்டியின் வாசம் பட்டால், அப்படியொரு ரொட்டியை இடுப்பில் முடிந்துகொண்டு நான் பதுளைக்கு பஸ் ஏறிய நாள்தான் ஞாபகம் வரும்.

தொண்ணூறுகளின் நடுவில், ஸ்பிரிங்வெளிப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில், அம்மாமார் கொழுந்து பறிக்கப் போனதும் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் 'புள்ளக்காம்பரா'வுக்கு நான்தான் ஆயா. லெச்சுமியின் மகள் சுகந்திக்கு அப்போது ஒரு வயது. மேலே இரண்டு, கீழே இரண்டு, நாலே பல். அதைத் தேய்க்க 'புருசு' வாங்கப்போவதாக லெச்சுமி சொன்னபோது, "வளர்ற புள்ளதானே, பெருசாவே வாங்கு" என்று சட்டைக்குச் சொல்வதைப்போல யோசனை சொன்னவள் நானேதான். வந்தது பெரியாள் புருசு. முதல் நாளே ஈறில் ரத்தம். அன்றிலிருந்து தாய்ப்பாலைத் தவிர எதற்கும் பிள்ளை வாயைத் திறக்கவில்லை. கரண்டியைக் கண்டாலே முகத்தைத் திருப்பினாள். மூன்றாம் நாள் தூக்கினால் பஞ்சு மாதிரி இருந்தாள்.

"நீங்க சொல்லித்தானே ஆயா வாங்குனேன்" என்றாள் லெச்சுமி.

புருசுப் பெட்டியில் எழுதியிருப்பதைப் படிக்க எனக்கு வராது. ஆனால் ஆயாவாவதற்கு முன் முப்பது வருசம் கொழுந்து கிள்ளிய விரலுக்கு இளசு எது, முற்றல் எது என்று தெரியாதா? அளவுதான் வேண்டியிருந்தது. ஒரு ரொட்டியைப் பாயில் வைத்துவிட்டு அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டேன். யாரும் ஊட்டவில்லை என்றதும் அவளே எடுத்து ஒரு கடி கடித்தாள். அந்த ரொட்டிதான் என் அளவு.

பதுளைக் கடையில் முதலாளி எடுத்துப் போட்டதையெல்லாம் பல் தடத்தோடு ஒட்டிப் பார்த்து, இரண்டு பல்லை மட்டும் மூடுகிறவற்றைப் பிரித்தெடுத்து விரலால் தடவி, கடைசியில் ஒன்றை, குத்துகிறதா என்று பார்க்க உதட்டில் வைத்தேன்.

"என்னங்கக்கா, புருசு வாங்க வந்தீங்களா, முத்தம் குடுக்க வந்தீங்களா?"

"நாலு பல்லு வாய்க்குப் போறது, முதலாளி. உங்க உதட்ட நீட்டுங்க, அதுலயும் வச்சுப் பாத்துருவோம்."

தோட்டத்துக்குத் திரும்பியதும் வெந்நீரில் கழுவி அதைப் பிள்ளையின் கையிலேயே கொடுத்தேன். முதலில் என் வாய்க்குத்தான் கொண்டுவந்தாள். திறந்தேன். வெகுநேரம் தேய்த்துப் பார்த்துவிட்டு, அவளும் திறந்தாள்.

இப்போது சுகந்தி பண்டாரவளையில் இருக்கிறாள். அவள் மகனுக்கு வாங்கும் புருசுப் பெட்டியிலேயே வயசு போட்டிருக்கிறதாம். இருந்தாலும் பிரிக்காமல் கொண்டுவந்து, "உதட்டுல வச்சுப் பாருங்க ஆயா" என்று நீட்டுகிறாள். அந்தப் புள்ளக்காம்பரா இன்றில்லை. வெற்றிலை போட்டே என் பல்லும் ஒன்றுவிடாமல் போய்விட்டது. உதடு இருக்கிறதே, அது போதும்.