நடிகையின் காதுக்குள் இருந்த மனிதர்

அன்று என்னை எழும்பிப் போகச் சொன்னது யார்?

கணவரிடம் கேட்டேன், மாமியிடம் கேட்டேன், எதிர்க் கதவில் இருக்கும் நடிகையிடமும் கேட்டேன். மூவரும் மூன்று விதமாகச் சொன்னார்கள். எனக்கு இன்னும் விடை தெரியவில்லை. தெரியாமலே வருகிற திங்கட்கிழமை என் மகளைக் கூட்டிக்கொண்டு மறுபடியும் அந்தப் பாலர் பள்ளிக்குப் போக வேண்டும்.

முதலில் நடிகையைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். ஜேர்மனியில், பீலெஃபெல்ட் நகரில் எங்கள் மாடியிலேயே இருக்கிறார். ஐம்பதை நெருங்கும் வயது. குப்பை கொட்டப் போகும்போதும் முதுகை நிமிர்த்தித்தான் நடப்பார். மெக்சிக்கோவில் தொலைக்காட்சித் தொடர் நாடகங்களில் நடித்தவர். நம் வீடுகளில் ஓடுகிற நாடகங்களைப் போன்றவைதான் அவையும்: பணக்கார வீடு, ஏழைப் பெண், மாறிப்போன குழந்தை, படியிலிருந்து தள்ளிவிடும் மாமியார். ஆனால் சில மாதங்களில் முடிந்துவிடுமாம். எங்களுடையவை வருடக்கணக்கில் முடியாது என்றேன். "அப்படியென்றால் உங்கள் நடிகைகள் பாவம்" என்றார்.

வீட்டுக்குப் பின்னால் இருக்கும் மணல் தொட்டியில் மகள் விளையாடும்போது அவர் புகைக்க வருவார். அவருடைய ஜேர்மனும் என்னுடைய ஜேர்மனும் ஏறக்குறைய ஒரே அளவு நொண்டும். அதனால்தான் கூச்சமில்லாமல் கதைக்க முடிந்தது. வயதில் மூத்தவரைப் பெயர் சொல்லி அழைக்க எனக்கு நா எழவில்லை, அக்கா என்றேன். பொருள் கேட்டார், சொன்னேன். நாடகத்தில் தங்கையாக, மனைவியாக, தாயாக எல்லாம் இருந்திருக்கிறேன், யாரும் என்னை மூத்த சகோதரியாகப் போட்டதில்லை என்று சந்தோஷப்பட்டார்.

ஒரு நாள் பேச்சின் நடுவே என் முகத்தைப் பார்ப்பதை நிறுத்தி என் காதைப் பார்த்தார். கையை நீட்டி என் தலைமயிரை ஒதுக்கினார்.

"உனக்கும் பட்டாணியா?" என்றார்.

என் காதில் இருந்தது கைத்தொலைபேசியோடு இணைந்த, கம்பியில்லாத சின்னக் காதொலிப்பான். அதற்குள் மாமி இருந்தார், என் கணவரின் அம்மா. கணவர் வேலைக்குப் போன கையோடு யாழ்ப்பாணத்தில் இருந்து மாமி அழைப்பார், அதன் பிறகு அந்த அழைப்பு அநேகமாகத் துண்டிக்கப்படுவதில்லை. மாமா போன பிறகு அந்தப் பெரிய வீட்டில் மாமி தனியாக இருக்கிறார். என் கணவர் ஒரே பிள்ளை. மகள் பிறந்த புதிதில் அந்தக் குரல் எனக்குப் பெரிய துணை. இரசாயனத்தில் பட்டம் வாங்கியிருந்தேன், ஆனால் பச்சைப் பிள்ளையைக் குளிக்க வார்க்கத் தெரியாது. என் அம்மா நான் படிக்கும்போதே இறந்துவிட்டார். மாமி படத்தைக் கேட்பதில்லை, சத்தம் போதும். "என்ன பிள்ளை, பால் பொங்குதோ? இறக்கு." பால் பொங்கத்தான் செய்யும். "குஞ்சு இருமுது, ஓமத்தண்ணி வை." ஓம் மாமி, ஓம் மாமி என்று நாள் போகும். மகளுக்கு மூன்று வயதாகியும் குரல் காதை விட்டு இறங்கவில்லை. இறக்குவது எப்படி என்று எனக்கும் தெரியவில்லை.

அன்றுதான் நடிகை தன் பட்டாணியைப் பற்றிச் சொன்னார்.

அங்கே நாடக நடிகர்கள் வசனம் பாடமாக்குவதில்லையாம். ஒரு நாளில் அத்தனை காட்சிகளை எடுத்துத் தள்ளுவார்கள், யாரால் பாடமாக்க ஏலும்? அதனால் காதுக்குள் ஒரு சின்னக் கருவி. அதைப் பட்டாணி என்பார்கள். பக்கத்து அறையில் ஒருவர் பிரதியை வைத்துக்கொண்டு எல்லோருடைய வசனங்களையும் ஒரே தட்டையான குரலில் வாசிப்பார். வசனம் மட்டும் அல்ல. யன்னலுக்குப் போ. திரும்பு. என் பிள்ளையைக் கொன்றுவிட்டாயே என்று சொல். இப்போது அழு.

பத்தொன்பது வயதில் வடக்கே ஒரு சின்ன ஊரிலிருந்து தலைநகருக்குப் போய், தொலைக்காட்சி நிறுவனத்தின் நடிப்புப் பள்ளியில் சேர்ந்திருக்கிறார். கமெரா இருக்கும் பக்கத்துக் கண்ணால் மட்டும் அழ அங்கேதான் பழகினாராம். நம்ப முடியவில்லை என்றேன். சிகரெட்டை மற்றக் கைக்கு மாற்றிக்கொண்டு, மணல் தொட்டியின் விளிம்பில் இருந்தபடியே இடது கண்ணால் அழுது காட்டினார். என் மகள் ஓடிவந்து தன் பிளாஸ்டிக் அகப்பையை அவரிடம் நீட்டினாள்.

முதல் வேடம் கோப்பித் தட்டோடு வரும் வேலைக்காரி. "அம்மா, உங்களுக்குத் தொலைபேசி." அவ்வளவுதான் வசனம், அதையும் பட்டாணிதான் சொன்னது. பிறகு கண்தெரியாத தங்கை. பிறகு ஒரே ஒரு தடவை கதாநாயகி, தையல்காரியாக இருந்து மாளிகைக்கு மருமகளாகப் போகிற பெண். அது நன்றாக ஓடியது, ஆனாலும் அடுத்த நாடகத்தில் வில்லியாக்கிவிட்டார்கள். சந்தையில் ஒரு கிழவி, "அந்த அப்பாவிப் பெண்ணை என்ன செய்தாய்?" என்று கேட்டுக் கொத்தமல்லிக் கட்டால் அடித்தாளாம். தலைமயிரில் இலை ஒட்டியிருக்கப் படப்பிடிப்புக்குப் போனேன், என் வாழ்க்கையின் நல்ல நாள் அது என்றார்.

பட்டாணிக்குள் இருந்த மனிதரைப் பல வருடங்களாக அவர் நேரில் கண்டதே இல்லை. ஒரு நாள் சாப்பாட்டுக்கூடத்தில் வரிசையில் நிற்கும்போது, பின்னாலிருந்து ஒரு குரல், "கொஞ்சம் தள்ளி நில்லுங்கள்" என்றது. இவர் தள்ளி நின்றார். நின்றதும் கண்ணில் நீர் வந்துவிட்டது. அந்தக் குரல் அடுத்ததாக அழச் சொல்லும் என்று உடம்பு முந்திக்கொண்டுவிட்டது. திரும்பிப் பார்த்தால் தடிமன் பிடித்து மூக்கு ஒழுகும் ஒரு கட்டையான மனிதர், கையில் சூப்புக் கிண்ணம். பயந்துபோய்த் தன் கைத்துண்டைக் கொடுத்தாராம்.

இதைச் சொல்லி அவர் சிரித்தார். நானும் சிரித்தேன். "ஆரோட சிரிக்கிறாய் பிள்ளை?" என்று என் காது கேட்டது.

பிறகு வந்தது ஒப்பந்தம். வேறு எந்த நிறுவனத்திலும் நடிக்கக்கூடாது, கேட்காமல் தலைமயிர் வெட்டக்கூடாது. மாதச் சம்பளம் வரும், வேடம்தான் வரவில்லை. ஒப்பந்தம் முடியும் வரை வீட்டில் தொலைபேசிக்குப் பக்கத்தில் காத்திருந்தார். கடைசியில் வந்த வேடம், தன்னைவிடச் சில வயதே இளைய ஒருவனுக்குத் தாய். அந்தக் காலத்தில்தான் இயந்திரம் பூட்ட அங்கே போயிருந்த ஒரு ஜேர்மன் பொறியியலாளரைச் சந்தித்தார். திருமணப் பதிவு பீலெஃபெல்டில். சம்மதமா என்று அதிகாரி கேட்டார். நடிகை பேசாமல் நின்றார். மண்டபத்தில் இருமல் சத்தம் கேட்கத் தொடங்கிவிட்டது. மாப்பிள்ளையின் முகம் வெளிறிப்போனது.

"எனக்குச் சம்மதம்தான். ஆனால் யாரும் சொல்லித் தரவில்லையே. காத்துக்கொண்டு நின்றேன்."

அதைச் சொன்னபோது அவர் சிரிக்கவில்லை. என் காதைக் காட்டி, "கழற்றிவிடு, இப்போதே. பிறகு உன்னால் முடியாது" என்றார். நான் தலையாட்டினேன். கழற்றவில்லை.

இந்தக் கோடையில் மகளுக்குப் பாலர் பள்ளியில் இடம் கிடைத்தது. இங்கே அதைக் கீட்டா என்பார்கள். அந்த இடம் இருந்தால்தான் நான் இலையுதிர்காலத்தில் ஒரு மருந்துக்கடையில் அவுஸ்பில்டுங் தொடங்கலாம், அதாவது தொழிற்பயிற்சி. என் ஊர்ப் பட்டத்தை அப்படியே எடுத்துக்கொண்டு ஒருவரும் வேலை தரவில்லை, கடைசியில் கிடைத்தது இதுதான். பிள்ளை கீட்டாவில் நிலைக்காவிட்டால் இதுவும் இல்லை.

இங்கே பிள்ளையை முதல் நாளே விட்டுவிட்டு வர ஏலாது. பிள்ளையைப் பழக்குவதற்கென்றே சில வாரங்கள் இருக்கின்றன. தாய் அறையின் மூலையில் ஒரு சின்னக் கதிரையில் இருக்க வேண்டும். விளையாடக்கூடாது, தொலைபேசி பார்க்கக்கூடாது. பிறகு ஒரு நாள், பிள்ளையின் முகத்தைப் பார்த்து, நான் போகிறேன், திரும்பி வருவேன் என்று சொல்லிவிட்டு எழும்ப வேண்டும். அழுதாலும் சொல்லிவிட்டுத்தான் போக வேண்டும். ஆசிரியை இதை எனக்கு இரண்டு தரம் விளக்கினார். நான் விளங்கியது என்றேன்.

நம்மவர்கள் அப்படியா செய்கிறோம்? பிள்ளைக்குப் பராக்குக் காட்டிவிட்டு, பின்கதவால் நழுவிவிடுவோம். சொல்லி அழவைப்பது கொடுமை என்றுதான் நான் வளர்ந்தேன்.

அன்று மகள் மரக்கட்டைகளை அடுக்கிக்கொண்டிருந்தாள். எனக்கு முதுகு காட்டியபடி இருந்தாள். காதை மறைக்கத் தலைமயிரை விரித்து விட்டிருந்தேன். "குஞ்சு விளையாடுது. இப்ப சத்தமில்லாமல் எழும்பிப் போ, பிள்ளை." தெளிவாகக் கேட்டது. எழும்பினேன். போனேன்.

அவள் உடனே அழவில்லை என்று ஆசிரியை பிறகு சொன்னார். வெறும் கதிரையைப் பார்த்தாளாம். பிறகு ஒவ்வொரு கதவாகத் திறந்து பார்த்தாளாம், கழிவறை, தேத்தண்ணி வைக்கும் அறை, மழைச் சட்டைகள் தொங்கும் இடம். கடைசிக் கதவும் முடிந்த பிறகுதான் கத்தத் தொடங்கினாளாம். தெருவில் நின்ற எனக்கே கேட்டது.

அன்றிலிருந்து வீட்டில் என் சட்டை விளிம்பைப் பிடித்தபடியேதான் நடக்கிறாள். நான் குளிக்கப் போனாலும் கதவடியில் இருந்து கதவைத் தட்டிக்கொண்டே இருப்பாள். ஆசிரியை கோபிக்கவில்லை. கொஞ்ச நாள் விட்டுப் பார்ப்போம், இன்னொரு தரம் முயல்வோம், அதுவும் சரிவராவிட்டால் காத்திருக்கும் பிள்ளைக்கு இடத்தைக் கொடுக்க வேண்டிவரும் என்றார்.

பின்னேரம் மாமியிடம் முதல் தடவையாகக் குரலை உயர்த்தினேன். நீங்கள் சொல்லித்தானே எழும்பினேன் என்றேன்.

"நான் எங்க பிள்ளை சொன்னனான்? இஞ்ச கரண்ட் நிண்டிட்டுது. நீ அங்க போய்க் கதிரையில இருந்த உடனேயே லைன் கட். நான் கோயிலுக்கெல்லே போயிட்டன்."

மாமி பொய் சொல்கிறவர் அல்ல. குரல் உடைந்து, "நான் கதைக்கிறது உனக்குக் கரைச்சல் எண்டால் சொல்லு பிள்ளை, நான் எடுக்கேல்லை" என்றார். இல்லை மாமி, இல்லை மாமி என்றேன். அடுத்த நாளும் எடுத்தார், நானும் காதில் வைத்தேன்.

கணவர் சாப்பிட்டபடியே, "அம்மா சொல்லியிருப்பா, மறந்திருப்பா. நீர் ஏன் எல்லாத்தையும் போட்டுக் குழப்புறீர்?" என்றார். அவருக்கு இரண்டு பக்கமும் நோகக்கூடாது.

நடிகையிடம் ஓடினேன். கதவைத் திறந்தவரின் பின்னால் பெட்டி விரிந்து கிடந்தது. மெக்சிக்கோவில் ஒரு புது நாடகம், கதாநாயகியின் பாட்டி வேடம், சில மாத வேலை, ஞாயிற்றுக்கிழமை பயணம். நான் நடந்ததைச் சொன்னேன். யாருடைய குரல் அது என்று கேட்டேன். உடுப்பை மடித்துக்கொண்டே, "உன்னுடையதுதான். உன் மாமியாருடைய குரலில் உனக்கே சொல்லப் பழகிவிட்டாய்" என்றார்.

இன்னும் பட்டாணிதானா என்று கேட்டேன். ஓம், இன்னும் பட்டாணிதான். பிறகு ஏன் போகிறீர்கள், என்னைக் கழற்றச் சொன்னீர்களே என்றேன்.

கட்டிலில் போய் இருந்தார். "இங்கே ஒவ்வொரு வார்த்தையையும் நானே தேட வேண்டியிருக்கிறது. பாண் வாங்கும் பேக்கரியிலும், வைத்தியரிடமும், என் கணவரிடமும். களைத்துவிட்டேன். கொஞ்ச நாளைக்கு யாராவது சொல்லட்டும், நான் அழுகிறேன்."

உடுப்புகளை மடிக்க உதவி செய்தேன். மகள் என் சட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

திங்கட்கிழமை அந்த மூலைக் கதிரையில் நான் இருப்பேன். காதை வெறுமையாக வைத்துக்கொண்டு போனால், யாழ்ப்பாணத்தில் ஒரு மனுசி நாள் முழுக்க வாய் திறக்காமல் இருப்பார். வைத்துக்கொண்டு போனால், எழும்புவது நானா அவரா என்று எனக்குத் தெரியப்போவதில்லை. வெறுங்காதோடு போயும் அதே குரல் கேட்டால் என்ன செய்வேன் என்றும் யோசிக்கிறேன். காதில் இருப்பதைக் கழற்றி வைக்கலாம், அந்தக் குரலை எங்கே வைப்பது?

அந்தக் கதிரையில் இருந்து எழும்பி வந்த தாய்மார் இதை வாசித்தால் எனக்கு எழுதுங்கள். மாமியின் மனம் நோகாமல் அந்தச் சில மணி நேரத்தை எப்படிக் கேட்டு வாங்குவது? ஒரு தரம் சொல்லாமல் போன தாய், இந்தத் தரம் போகிறேன் என்று சொன்னால், திரும்பி வருவேன் என்பதைப் பிள்ளை நம்புமா? நீங்கள் அதை எந்த வார்த்தைகளில் சொன்னீர்கள்? தயவுசெய்து அப்படியே, ஒரு சொல்லும் விடாமல் எழுதி அனுப்புங்கள். நான் பாடமாக்கிக்கொண்டு போகிறேன்.