ஜெபக் குறிப்பில் என் போட்டோ

இன்று புதூர் பஸ்ஸில் முன்பின் தெரியாத ஓர் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"படபடப்புக்கு மாத்திரை சாப்பிடுத பிள்ளை நீதான? வாட்ஸ்அப் ஜெபக் குழுவுல உன் போட்டோ பாத்தேன். எல்லாரும் உனக்காக ஜெபிக்குதோம்மா."

சில மாதங்களுக்கு முன்பு நெஞ்சுவலி என்று ஆஸ்பத்திரிக்கு ஓடினேன். இதயத்தில் கோளாறில்லை, இது பதற்ற நோய், வயிற்று எரிச்சலும் அதோடு சேர்ந்ததுதான் என்றார் டாக்டர். இதை நான் சொன்னது என் சிநேகிதி மெர்சியிடம் மட்டும்.

இறங்கியதும் போன் செய்தேன்.

"யார்ட்டயும் சொல்லாதன்னு சொன்னேன்லா?"

"ஏட்டி, நான் ஆண்டவர்ட்டதான சொன்னேன்? பேரும் போட்டோவும் இல்லாம எப்படி ஜெபிக்க?"

மூன்று மாதமாக இல்லாத படபடப்பு இப்போது திரும்ப வந்திருக்கிறது. வழக்கமாக இதை முதலில் மெர்சியிடம்தான் சொல்வேன்.

இன்று உங்களிடம் சொல்கிறேன். நீங்களாவது ஜெபிக்காமல் இருங்கள்.